ஜப்பானிய இணைய வழக்கில் பாலினமும் ஈர்ப்பும்: ஓர் எளிய அறிமுகம்

‘நேற்று நான் கடைக்குப் போனேன்’ என்று தமிழில் ஒருவர் எழுதினால், எழுதியவர் ஆணா பெண்ணா என்பது அந்தத் தொடரிலிருந்து தெரியாது. ‘போனான்’, ‘போனாள்’ என்று படர்க்கைக்கு வரும்போதுதான் நம் இலக்கணம் பாலைக் கேட்கிறது. ஜப்பானிய மொழியில் நிலைமை ஏறக்குறையத் தலைகீழ். அங்கே வினைச்சொல் இடத்தையோ எண்ணையோ பாலையோ காட்டுவதில்லை. எழுவாயே இல்லாமல் ஒரு முழுக் கடிதத்தை எழுதி முடித்துவிடலாம். ஆனால் ‘நான்’ என்று சொல்லியே ஆக வேண்டிய இடம் வந்துவிட்டால் பல சொற்களுள் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். அந்தத் தேர்விலேயே பேசுபவரின் வயது, பால், பணிவு, தோரணை எல்லாம் ஓரளவு வெளிப்பட்டுவிடும். ஜப்பானிய இளைஞர்கள் இணையத்தில் தம் பாலினத்தையும் ஈர்ப்பையும் எப்படிச் சொல்கிறார்கள் என்று அறிய விரும்புகிறவர்கள் இந்தச் செய்தியிலிருந்து தொடங்குவது நல்லது.

‘வதாஷி’ என்பது அலுவலகத்திலும் மேடையிலும் எவரும் பயன்படுத்தக்கூடிய பொதுச்சொல். நண்பர்களிடையே ஓர் ஆண் அதைச் சொன்னால் விறைப்பாகவோ பெண்மை கலந்ததாகவோ ஒலிக்கும். சிறுவர்களும் சாதுவான ஆண்களும் ‘பொகு’ என்பார்கள். தோழர்கள் நடுவே கெத்துக் காட்டும் வயது வந்ததும் அதே பையன் ‘ஒரே’ என்ற சொல்லுக்கு மாறிவிடுவான். பெண்களுக்குச் சற்றுக் குழைவான ‘அதாஷி’ உண்டு. மேற்கே கன்சாய் வட்டாரத்திலிருந்து பரவிய ‘உச்சி’ என்ற சொல்லை இன்று தோக்கியோ பக்கத்து மாணவிகளும் தாராளமாகப் பயன்படுத்துகிறார்கள். ‘ஜிபுன்’ என்பது ‘தான்’ என்பதற்கு நெருக்கமான சொல். விளையாட்டுக் குழுக்களிலும் படைப்பிரிவுகளிலும் கேட்கும் இச்சொல்லை, ஆண் பெண் என்ற இரு பக்கமும் சாய விரும்பாதவர்களும் நாடுகிறார்கள். தம்மைப் ‘பொகு’ என்று சொல்லிக்கொள்ளும் பெண்களும் இருக்கிறார்கள். அவர்களுக்குப் ‘பொகுக்கோ’ என்று தனிப்பெயரே வழங்குகிறது. இளம்பெண்களைக் கொண்ட பாடகர் குழுக்கள் ‘பொகு’ என்று ஆணின் இடத்தில் நின்று காதலைப் பாடுவதும் அங்கே வெகு சாதாரணம்.

2016இல் வெளிவந்து பல நாடுகளில் ஓடிய ஓர் அனிமேஷன் படத்தில் கிராமத்துப் பெண்ணொருத்தி தோக்கியோ மாணவன் ஒருவனின் உடலில் விழித்தெழுவாள். பள்ளி மொட்டைமாடியில் அவனுடைய நண்பர்களிடம் பேசத் தொடங்கி ‘வதாஷி’ என்கிறாள், நண்பர்கள் விழிக்கிறார்கள். ‘வதகுஷி’ என்று இன்னும் பணிவாக மாற்றிப் பார்க்கிறாள்; குழப்பம் கூடுகிறது. ‘பொகு’ என்கிறாள், அதுவும் பொருந்தவில்லை. கடைசியில் ‘ஒரே’ என்றதும்தான் இருவரும் தலையாட்டுகிறார்கள். சில நொடிகளே வரும் இந்தக் காட்சி, ஒரு பாடநூல் பல பக்கங்களில் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிடுகிறது: உடல் ஆணுடையதாக இருந்தால் மட்டும் போதாது, அந்த ஆண் எந்த வகை ஆண் என்பதும் தன்மைச் சொல்லில் ஒத்துப்போக வேண்டும்.

இந்த நிகழ்வை விளக்க மொழியியலாளர் கின்சுய் சதோஷி 2003இல் வெளியிட்ட நூலில் ‘யகுவாரிகோ’ என்ற கருத்தை முன்வைத்தார். தமிழில் அதைப் பாத்திரமொழி எனலாம். ஒரு பேச்சுநடையைக் கேட்ட மாத்திரத்தில் குறிப்பிட்ட வகை மனிதர் மனக்கண்ணில் எழுந்து நின்றால், அல்லது குறிப்பிட்ட வகை மனிதரை எண்ணியதும் அவருக்கென்று ஒரு பேச்சுநடை தானாக நினைவுக்கு வந்தால், அந்த நடை பாத்திரமொழி ஆகும். ‘வஷி’ என்று தம்மைக் குறிப்பிட்டு, ஒவ்வொரு தொடரையும் ‘ஜா’ என்று முடிக்கும் நரைத்தாடி விஞ்ஞானியை மாங்கா எனப்படும் ஜப்பானியப் படக்கதைகளைப் படிப்பவர்கள் அனைவரும் அறிவார்கள். ஜப்பானின் எந்த ஆய்வுக்கூடத்திலும் அப்படிப் பேசும் விஞ்ஞானியைத் தேடிக் கண்டுபிடிப்பது கடினம். அப்படிப் பேசுகிற மனிதர் நிஜத்தில் இருக்க வேண்டிய கட்டாயம் இல்லை என்பதுதான் இந்தக் கருத்தின் உயிர்நாடி. எல்லாரும் அறிந்த, எவரும் பேசாத ஒரு நடை, வேண்டும்போது எடுத்து அணிந்துகொள்ளும் உடுப்பாக மொழிக்குள் தொங்கிக்கொண்டிருக்கிறது.

பெண்களின் பேச்சு என்று பரவலாக நம்பப்படும் நடையும் பெருமளவுக்கு இப்படிப்பட்டதே. தொடரின் இறுதியில் ‘வா’, ‘காஷிரா’ போன்ற இடைச்சொற்களைச் சேர்த்து மென்மையாக முடிப்பதை ஜப்பானியப் பெண்களின் தொன்மையான பண்பாடு என்று பலர் எண்ணுகிறார்கள். வரலாறு வேறு விதமாக இருக்கிறது. மெய்ஜி காலத்தில், 1880களில், பள்ளி மாணவிகளிடையே ‘தெயோ’, ‘தவா’ என்ற முடிப்புகள் பரவியபோது பெரியவர்கள் அதை நாகரிகமற்ற பேச்சு என்று கடிந்தார்கள். நாவலாசிரியர் ஒசாகி கோயோ 1888இல் அதைக் கண்டித்தே எழுதினார். இளம்பெண்களின் கொச்சை என்று அன்று ஏசப்பட்டதை நாவல்களும் மகளிர் இதழ்களும் எடுத்தாண்டன. ஓரிரு தலைமுறைக்குள் அதுவே நல்ல குடும்பத்துப் பெண்ணின் அடையாளமாகிவிட்டது. இன்று இருபது வயதுப் பெண் ஒருத்தி அன்றாடப் பேச்சில் அப்படி முடிப்பது அரிது. மாங்காப் பாத்திரங்களிடமும், வெளிநாட்டு நடிகைகளின் நேர்காணல்களுக்கு இடப்படும் ஜப்பானியத் துணைத்தலைப்புகளிலும், ‘ஒனே’ என்று அழைக்கப்படும் பெண்மைநடை பேசும் ஆண் தொலைக்காட்சிக் கலைஞர்களிடமும்தான் அது அதிகம் கேட்கிறது. இளைஞர்களின் இணையப் பேச்சு மொழியைக் கெடுக்கிறது என்று இன்று வருந்துபவர்கள் இந்த வரலாற்றைச் சற்றுப் புரட்டிப் பார்க்கலாம்.

முகமும் குரலும் பெயரும் இல்லாமல் எழுத்து மட்டுமே இருக்கும் இடத்தில் பாத்திரமொழிக்கு மதிப்புக் கூடுவது இயல்பு. 1999இல் தொடங்கிய ‘நி-சன்னெரு’ என்ற பெயரிலித் தளத்தில் எழுதியவர் யார் என்று அறிய வழியில்லை. எழுதிய நடைதான் ஆள். பேஸ்பால் ரசிகர்கள் கூடிய அதன் பிரிவு ஒன்றிலிருந்து, போலியான கன்சாய் வட்டார நடையும் ‘வை’ என்ற தன்மைச் சொல்லும் பரவின. கன்சாய் முதியவர் ஒருவரின் வாயில் பொருந்தக்கூடிய இச்சொல்லை இன்று தோக்கியோவில் பிறந்து வளர்ந்த பெண்களும் சமூக ஊடகங்களில் எழுதுகிறார்கள். ‘அதாஷி’ என்று எழுதினால் பெண் என்பது முன்னால் வந்து நிற்கும், ‘வதாஷி’ என்று எழுதினால் மேடைப்பேச்சு வாடை அடிக்கும். ‘வை’ என்று எழுதும்போதோ, தன்னைத்தானே கொஞ்சம் கிண்டல் செய்துகொள்ளும் ஓர் ஆள் என்பதற்கு மேல் எதுவும் தெரியாது. அனிமே எனப்படும் ஜப்பானிய அனிமேஷன் படைப்புகளின் ரசிகர்கள் வேடிக்கைக்காக எடுத்தாளும் ‘செஷ்ஷா’ என்ற சாமுராய் காலத் தன்மைச் சொல்லும் இதே வேலையைச் செய்கிறது. பாலினத்தை அறிவிக்க மட்டுமன்றி, அதைச் சற்று நேரம் ஓரமாக வைக்கவும் இந்தச் சொற்கள் பயன்படுகின்றன என்பதைத் தொடக்கநிலை வாசகர்கள் பெரும்பாலும் கவனிப்பதில்லை.

இணையத்தில் பெண்ணாக நடிக்கும் ஆணுக்கு ‘நெகாமா’ என்ற பழைய பெயர் உண்டு. ‘நெட்’ என்பதையும், பெண்மை கொண்ட ஆண்களையும் ஒருபாலீர்ப்புடைய ஆண்களையும் இழிவாகக் குறிக்கும் ‘ஒகாமா’ என்பதையும் ஒட்டி உண்டாக்கிய சொல் அது. ஆகவே அதில் ஏளனமும், ஏமாற்றுகிறான் என்ற குற்றச்சாட்டும் கலந்தே இருந்தன. 2018 வாக்கில் அதே செயலுக்கு முற்றிலும் வேறான இன்னொரு பெயர் வந்தது. முப்பரிமாண உருவங்களை இயக்கி நிகழ்ச்சி நடத்தும் ‘வி-டியூபர்’ அலையும், மெய்நிகர் வெளியில் பலர் கூடும் செயலிகளும் பரவிய அந்த ஆண்டில், அழகிய பெண் உருவத்தை ஏற்றுக்கொண்டு உலவும் ஆண்கள் தம் செயலைப் ‘பாபினிகு’ என்று அழைக்கத் தொடங்கினார்கள். ‘மெய்நிகர் அழகியாக ஊனுடல் எடுத்தல்’ என்று பொருள்படும் நீண்ட தொடரின் சுருக்கம் இது. ஊனுடல் எடுத்தல் என்பதற்கு அவர்கள் கையாண்ட ‘ஜுனிகு’ என்ற சொல், கடவுள் மனிதராகப் பிறந்ததைக் கிறிஸ்தவ இறையியல் குறிப்பிடும் சொல். கேலிக்காகவே எடுத்தார்கள் என்றாலும் தேர்வு கூர்மையானது.

இதில் ஒளிவுமறைவு இல்லை என்பதுதான் நெகாமாவிலிருந்து உள்ள பெரிய வேறுபாடு. 2017 இறுதியில் புகழ்பெற்ற நெகோமசு என்ற வி-டியூபரைப் பார்த்தால் இது விளங்கும். திரையில் தெரிவது நரிக்காதுகளும் வாலும் கொண்ட பெண்பிள்ளை உருவம். கேட்பதோ மாற்றம் எதுவும் செய்யப்படாத, வயது வந்த ஆணின் குரல். அந்த உருவம் தன் பேச்சை ‘நோஜா’ என்று, அதாவது நாம் மேலே கண்ட நரைத்தாடிக் கிழவரின் பாத்திரமொழியில் முடிக்கிறது. பேசும் பொருளோ இருபத்து நான்கு மணிநேரக் கடையில் பகுதிநேர வேலை பார்ப்பவனின் கஷ்டமும் உலகத்தின் இரக்கமின்மையும். பெண்பிள்ளையின் தோற்றம், ஆணின் குரல், கிழவரின் இலக்கணம், நிரந்தர வேலை கிடைக்காத தலைமுறையின் புலம்பல் ஆகிய நான்கும் ஒரே ஆளிடம் ஒன்றாகப் பொருந்தியிருந்ததைப் பார்வையாளர்கள் முரண்பாடாகக் கருதவில்லை. பாபினிகுவில் ஈடுபடுவோரைப் பாலின மாற்றத்தை விரும்புபவர்கள் என்று மொத்தமாக முத்திரை குத்துவது தவறு. அவர்களுள் அப்படிச் சிலர் இருக்கலாம். பலருக்கு இது ‘கவாயி’, அதாவது செல்லமான அழகு என்ற ஈர்ப்பை வெளியே தேடாமல் தாமே அணிந்துகொள்ளும் வழி. வயது வந்த ஆண் செல்லமாக இருக்க அனுமதி தராத ஒரு சமூகத்தில், அந்த அனுமதியைச் சொல்லாலும் படத்தாலும் தாமே எழுதிக்கொள்கிறார்கள் என்று இதை நான் புரிந்துகொள்கிறேன்.

பெண்கள் பக்கத்திலும் இதற்கு இணை உண்டு. 2022 மே மாதம் அறிமுகமான ஹியகுமந்தென்பாரா சலோமே என்ற வி-டியூபர், வழக்கொழிந்த சீமாட்டி நடையில் எல்லாவற்றையும் ‘தெசுவா’ என்று முடித்துப் பேசி, ஏறத்தாழ இரண்டே வாரத்தில் பத்து இலட்சம் சந்தாதாரர்களைப் பெற்றார். சீமாட்டியாகத் தம்மை அறிமுகப்படுத்திக்கொள்ளாமல், சீமாட்டியாக ஆசைப்படும் சாதாரணப் பெண் என்றே அவர் அறிமுகம் செய்துகொண்டார் என்பது கவனிக்க வேண்டியது. ஒசாகி கோயோ கண்டித்த முடிப்பின் தூரத்துப் பேத்திதான் ‘தெசுவா’. பெண்மையின் மிக உயர்ந்த வடிவமாகக் கருதப்பட்ட நடை, ஒரு பெண் வேடிக்கையாக அணிந்து பார்க்கும் உடுப்பாகியிருக்கிறது.

விளையாட்டாக இல்லாமல், தம்மை உள்ளபடி பெயரிட்டுக்கொள்வதற்காக உருவான சொற்களும் இருக்கின்றன. ஆண் பெண் என்ற இரண்டிலும் அடங்காதவர்களைக் குறிக்கும் ‘எக்ஸ் ஜெண்டர்’ என்பது மேற்கிலிருந்து இறக்குமதியானதாகத் தோற்றமளித்தாலும், 1990களின் இறுதியில் கன்சாய் வட்டாரப் பாலினச் சிறுபான்மைக் குழுக்களிடையே உருவாகிப் பரவிய ஜப்பானியச் சொல். ஈர்ப்பின்மையைப் பற்றிய பேச்சிலும் அவர்களுக்கென்று ஒரு பாகுபாடு உண்டு. காதல் உணர்வு உண்டு, உடல்சார்ந்த வேட்கை மட்டும் இல்லை என்பவர்கள் தம்மை ‘நொன்செகு’ என்கிறார்கள். ஜப்பானிய வழக்கில் ‘ஏ-செகு’ என்ற சொல்லைப் பலர் காதலும் வேட்கையும் இரண்டுமே இல்லாதவர்களுக்கு வைத்திருந்தார்கள். ஆங்கிலம் பேசும் நாடுகளின் வரையறைகளோடு இது பொருந்தாததால் இணையத்தில் இவ்விரு பயன்பாடுகளும் மோதிக்கொள்வது வழக்கம். 2022இல் ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்.எச்.கே. தொலைக்காட்சி இத்தகைய இருவர் ஒரே வீட்டில் குடும்பமாக வாழ முயல்வதைத் தொடராக ஒளிபரப்பியபின், இந்தச் சொற்கள் இணையத்துக்கு வெளியே உள்ளவர்களின் காதிலும் விழுந்தன.

இனி ஈர்ப்பைச் சொல்லும் சொற்களுக்கு வருவோம். ஜப்பானில் காதலுறவு பெரும்பாலும் ‘கொகுஹாகு’ எனப்படும் வெளிப்படையான அறிவிப்போடு தொடங்குகிறது: ‘உங்களைப் பிடித்திருக்கிறது, என்னோடு பழகுவீர்களா’ என்று ஒருவர் கேட்க வேண்டும், மற்றவர் ஆம் அல்லது இல்லை என்று சொல்ல வேண்டும். இந்த ஒற்றைக் கணத்தின் கனம் மிக அதிகமாக இருப்பதால், அதற்கு முந்தைய நாட்களில் எதிராளியின் மனத்தை அளந்து பார்ப்பதற்கு ஒரு சொல்தொகுதியே வளர்ந்திருக்கிறது. வாய்ப்பு இருப்பதாகத் தெரிந்தால் ‘மியாகு அரி’, நாடி இருக்கிறது. இல்லையென்றால் ‘மியாகு நாஷி’, நாடி இல்லை. 2011 ஜூனில் வெளிவந்த லைன் என்ற செய்திப் பரிமாற்றச் செயலியில், அனுப்பிய செய்தியை மற்றவர் படித்துவிட்டார் என்று காட்டும் ‘கிடோகு’ குறி, இந்த நாடி பார்க்கும் தொழிலுக்குப் புதிய கருவியானது. படித்துவிட்டுப் பதில் போடாமல் இருப்பது ‘கிடோகு சுரூ’. படிக்காமலேயே கிடப்பில் போடுவது ‘மிடோகு சுரூ’. இரண்டில் எது கொடுமை என்ற விவாதம் ஓய்ந்தபாடில்லை.

அண்மைச் சொற்களுள் மிகவும் சுவையானது ‘கயெருகா கென்ஷோ’, அதாவது தவளையாகும் நிகழ்வு. கிரிம் சகோதரர்களின் கதையில் இளவரசி அருவருத்த தவளை இளவரசனாக மாறும். இங்கே இளவரசன் தவளையாகிறான். உளவியலாளர் புஜிசாவா ஷின்சுகே 2004இல் இதைப் பற்றி எழுதியபோது, தான் விரும்பியவனும் தன்னை விரும்புகிறான் என்று தெரிந்த கணத்தில் ஒரு பெண்ணுக்கு அவன்மீது அருவருப்பு எழுவதைக் குறித்தார். இணையத்தில் பரவி, 2023இல் அவ்வாண்டின் புகழ்பெற்ற பத்துச் சொற்களுள் ஒன்றாகத் தேர்வானபோது பொருள் இளகிவிட்டது. உணவு வளாகத்தில் தட்டைக் கையில் ஏந்தியபடி உட்கார இடம் தெரியாமல் காதலன் அங்குமிங்கும் விழித்துக்கொண்டிருக்கிறான். இரயில் நிலையத்தில் பயண அட்டையில் பணம் தீர்ந்துபோய், தானியங்கிக் கதவு மூடிக்கொள்ள, அவன் இடுப்பில் முட்டிக்கொண்டு நிற்கிறான். இவ்வளவு சிறிய காட்சிகளைக் கண்டே மனம் சட்டென்று குளிர்ந்துவிட்டது என்று பெண்கள் எழுதினார்கள். இதற்கு எதிரான சொல்லும் உடனே பிறந்தது: அவன் என்ன செய்தாலும் அழகாகவே தோன்றுவது ‘ஹெபிகா கென்ஷோ’, பாம்பாகும் நிகழ்வு. பாம்பு தவளையை முழுதாக விழுங்கிவிடும் அல்லவா!

இந்தச் சொல்லை வைத்து இளம்பெண்களின் மனம் எவ்வளவு அற்பமானது என்று கட்டுரை எழுதியவர்கள் பலர். எனக்கு அது நியாயமாகப் படவில்லை. கொகுஹாகு போன்ற கனமான அறிவிப்பை ஏற்றுக்கொண்டுவிட்ட ஒருத்தி, அவனிடம் சொல்லக்கூடிய குற்றம் எதுவும் இல்லாத நிலையில், தனக்கு விருப்பம் இல்லை என்பதை எப்படிச் சொல்வாள்? அவன்மீதும் பழி போடாமல், தன்மீதும் பழி ஏற்காமல், எவருக்கும் நேரக்கூடிய ஒரு நிகழ்வு தனக்கும் நேர்ந்துவிட்டது என்று விலகிக்கொள்ள இந்தச் சொல் இடம் கொடுக்கிறது. ‘கென்ஷோ’ என்ற அறிவியல் வாடை கொண்ட ஒட்டு அதற்காகவே அங்கே இருக்கிறது.

ஆண்களின் சொற்களில் வேறொரு சுருதி கேட்கும். நிஜ வாழ்க்கை நிறைவாக அமைந்தவன், குறிப்பாகக் காதலி உள்ளவன், ‘ரியாஜூ’. அவனைப் பார்த்து ‘வெடித்துத் தொலை’ என்று எழுதுவது 2000களின் பிற்பகுதியில் ஒரு சடங்காகவே இருந்தது. காதல் அறிவுரைகளின் அடியில், விளம்பரங்களின் நிபந்தனைக் குறிப்பைப்போல ‘※’ என்று குறியிட்டு, ‘ஆனால் அழகான ஆண்களுக்கு மட்டும்’ என்று சேர்ப்பது இன்னொரு வழக்கம். முப்பது வயதுவரை பெண்ணுறவு இல்லாத ஆண் மந்திரவாதி ஆகிவிடுவான் என்ற பழைய இணையக் கேலி, மாங்காவாகி, 2020இல் தொலைக்காட்சித் தொடராகவும் வந்தது. அதில் அந்த மந்திரவாதிக்குக் கிடைப்பது சக ஆண் ஊழியர் ஒருவரின் காதல். ‘சோஷொகு தான்ஷி’, அதாவது தாவரவுண்ணி ஆண் என்ற சொல்லைக் கட்டுரையாளர் புகசாவா மகி 2006இல் உருவாக்கியபோது, பெண்ணை இரையாகப் பார்க்காமல் தோழமையோடு பழகும் புதிய ஆணைப் பாராட்டும் தொனியே அதில் இருந்தது. 2009இல் நாடெங்கும் பரவுவதற்குள் ஊடகங்கள் அதை ஊக்கமற்றவன், வாகனம் வாங்காதவன், மணம் செய்துகொள்ளாதவன் என்ற வசைச்சொல்லாக்கிவிட்டன.

ஒருவரை விரும்புவதற்கும் அவரால் விரும்பப்பட வேண்டியதற்கும் இடையிலுள்ள முடிச்சை அவிழ்த்துவிட்ட சொல் ‘ஓஷி’. தள்ளுதல், பரிந்துரைத்தல் என்ற பொருளுள்ள வினையிலிருந்து வந்து, பாடகர் குழு ரசிகர்களிடையே வேரூன்றிய இச்சொல், நாம் முன்னின்று ஆதரிக்கும் கலைஞரையோ கதாபாத்திரத்தையோ குறிக்கும். ஓஷி திருப்பி நேசிக்க வேண்டியதில்லை; நலமாக இருந்து, மேடையேறினால் போதும். இந்த உணர்வைச் சொல்ல ரசிகர்கள் கோயிலிலிருந்து சொற்களை எடுத்துக்கொண்டார்கள்: ஓஷி ‘தோட்டோய்’, அதாவது புனிதம், ஓஷியைப் பிறருக்கு அறிமுகப்படுத்துவது மதம் பரப்புதல், கதை நடந்த ஊருக்குச் செல்வது தலயாத்திரை. பக்திமொழிக்குள் நுழைந்ததும் வேட்கைக்கு வெட்கம் குறைந்துவிடுகிறது என்பதைத் தமிழ் வாசகருக்கு விளக்க வேண்டியதில்லை. எல்லையைத் தாண்டி உண்மையிலேயே காதலில் விழுந்தவர் ‘காச்சிகோய்’ எனப்படுகிறார்; அதே ஓஷியை வைத்திருக்கும் இன்னொருவரோடு பழகவே மறுப்பது ‘தோத்தான் கியோஹி’. இச்சொற்கள் சிரிப்புக்குரியவையாக மட்டும் நின்றுவிடவில்லை. தோக்கியோவின் கபுகிச்சோ பகுதிக் கேளிக்கை விடுதிகளில் பெண் வாடிக்கையாளர்களை உபசரிக்கும் ஆண்களையும் ஓஷி என்று அழைத்து, கடனில் மூழ்கிய இளம்பெண்களின் நிலை பொதுப் பிரச்சினையானது. 2025இல் திருத்தப்பட்ட சட்டம், வாடிக்கையாளரின் காதலுணர்வைச் சுரண்டிச் செலவழிக்க வைப்பதைத் தடைசெய்திருக்கிறது.

ஆண்களுக்கிடையிலான காதல் கதைகளை விரும்பிப் படிக்கும் பெண்கள் தம்மைப் ‘புஜோஷி’ என்று அழைத்துக்கொள்கிறார்கள். ‘பெண்டிர்’ என்ற பொருளுள்ள பழைய சொல்லின் முதல் எழுத்தை, அதே ஒலியுடைய ‘அழுகிய’ என்ற எழுத்தால் மாற்றி எழுதிய தன்னேளனம் அது. இரு பாத்திரங்களின் பெயர்களுக்கு நடுவே பெருக்கல் குறியிட்டு உறவைக் காட்டுவார்கள். முன்னால் நிற்பவர் முனைபவர், பின்னால் நிற்பவர் ஏற்பவர். கணிதத்தில் போலன்றி இங்கே வரிசை மாறினால் விடையும் மாறும். அதற்காக நட்புகள் முறிந்ததுண்டு. இவர்களிடம் வழங்கும் ஒரு தொடர் என்னை எப்போதும் யோசிக்க வைக்கிறது: ‘நான் சுவராக வேண்டும்’. காதலர் இருவர் இருக்கும் அறையின் சுவராக இருந்து பார்த்தால் போதும், அந்த அறைக்குள் தான் ஒரு பெண்ணாக இருக்க வேண்டாம் என்பது அதன் கருத்து. தன் உடல் எடைபோடப்படாத இடத்திலிருந்து வேட்கையைப் பார்க்கும் விருப்பம் அதில் தெளிவாக இருக்கிறது. இதற்கு நேர்மாறாக, பிடித்த பாத்திரத்தோடு தன்னையே சேர்த்துக் கற்பனை செய்பவர்கள் ‘யுமெஜோஷி’, கனவுப் பெண்கள். இவ்விரு சாராரும் அடிக்கடி உரசிக்கொள்வார்கள்.

உண்மையான நடிகர்களையும் பாடகர்களையும் வைத்துக் கதை எழுதுவோர் ‘பச்சைப்பொருள்’ என்ற பொருளுள்ள குழூஉக்குறியின் மெய்யெழுத்துகளை மட்டும் எழுதி, பெயர்களுக்கு நடுவே கோடிட்டு, பூட்டிய கணக்குகளுக்குள் மட்டுமே பகிர்கிறார்கள். தேடுபொறியில் சம்பந்தப்பட்டவர் கண்ணில் பட்டு அவர் மனம் புண்படக் கூடாது என்பதற்கான நெறி அது. ‘தேடலைத் தவிர்த்தல்’ என்றே அதற்குப் பெயர். தம் வேட்கையை வெளியிடவும் வேண்டும், அது எவர்மேலும் போய் இடிக்கவும் கூடாது என்ற இந்தக் கவனம் எல்லா இடத்திலும் இருக்கிறது என்று சொல்லிவிட முடியாது. ஒருபாலீர்ப்பு ஆபாசப்படம் ஒன்றின் வசனங்கள் 2000களின் பிற்பகுதியிலிருந்து நிகோ நிகோ காணொளித் தளத்தில் கேலியாகப் பரவி, மூலம் எதுவென்றே அறியாத பள்ளிப் பையன்களின் வாயில்கூடப் புழங்குகின்றன. அந்தக் கேலிக்கு இலக்கான மனிதர் இருக்கிறார் என்பதும், அச்சொற்களைக் கேட்டு ஒடுங்கிப்போகும் மாணவன் அதே வகுப்பில் இருக்கக்கூடும் என்பதும் சிரிப்பவர்களுக்கு நினைவில் இருப்பதில்லை. பெண்ணுரிமை பேசுபவர்களை மட்டம் தட்டும் ‘ட்சுயிஃபெமி’ போன்ற சொற்களும் இந்தக் கணக்கில்தான் சேரும். வேடிக்கை என்ற போர்வை எல்லாவற்றையும் மன்னித்துவிடாது.

கடைசியாக, சொற்பட்டியலை மனப்பாடம் செய்து உடனே பயன்படுத்தத் துடிப்பவர்களுக்காக ஒரு செய்தி. ஜப்பானிய இணையத்தில் நடைக்கும் வயது உண்டு. இளம்பெண்களுக்கு நடுத்தர வயது ஆண்கள் அனுப்பும் செய்திகளில் காணப்படும் கூறுகளை இளைஞர்கள் துல்லியமாகப் பிரித்தெடுத்து, அதற்கு ‘ஒஜிசான் கோபுன்’, அதாவது மாமா நடை என்று பெயரிட்டிருக்கிறார்கள்: ஒவ்வொரு வரியிலும் வண்ண முகக்குறிகள், தேவையில்லாத இடத்தில் கதகானா எழுத்து (பெரும்பாலும் அயற்சொற்களுக்கான ஜப்பானிய எழுத்துமுறை), கேட்காமலே சொல்லும் தன் மதிய உணவு விவரம், அசட்டுத்தனமான காதல் தூண்டில், உடனே ‘சும்மா சொன்னேன்’ என்று பின்வாங்கல். பெண்கள் ஒருவருக்கொருவர் இந்த நடையில் செய்தி அனுப்பிச் சிரித்துக்கொள்கிறார்கள். பெயரைக் கொடுத்தால் இத்தகைய செய்தியைத் தானாக எழுதித் தரும் சிறு நிரல்கள்கூட வந்துவிட்டன. தொல்லையாக வந்து விழுந்துகொண்டிருந்த ஒரு வேட்கையின் குரலை, அதைப் பெற்றவர்களே பாத்திரமொழியாக்கித் தம் கைக்குள் வைத்துக்கொண்டார்கள். முப்பதுகளின் நடுவில் இருக்கும் ஆண்களோ, அனுப்பும் பொத்தானை அழுத்துவதற்குமுன் தம் செய்தியில் முகக்குறிகளை எண்ணிப் பார்த்து, இரண்டொன்றை அழித்துவிடுகிறார்கள்.